பிரித்துப் படிப்பவருக்கும் வணக்கம்

மண்ணாடிப்பட்டு
15.6.2025

அன்புள்ள அமுதம் சித்திக்கு,

இந்தக் கடிதத்திலும் இனி எழுதப்போகும் கடிதங்களிலும் எல்லாவற்றையும் உள்ளது உள்ளபடியே எழுதுவேன் என்று முதலிலேயே சொல்லிவிடுகிறேன். கூட்டவும் மாட்டேன், குறைக்கவும் மாட்டேன். இங்கு நான், அம்மா, அப்பா மூவரும் நலம். பசுவுக்கு மட்டும் காலில் புண். அப்பா வேப்பெண்ணெய் போட்டுவருகிறார். நீங்கள் நலமா? வடக்கே வெயில் எப்படி இருக்கிறது?

உங்கள் கடிதம் வந்தது. உறையின் ஓரத்தை யாரோ நேர்த்தியாக வெட்டி, மறுபடி ஒட்டியிருந்தார்கள். மேலே வட்டமாக ஒரு முத்திரை.

"இன்னாடி இது, போஸ்ட்மேன் பிரிச்சுட்டாரா?" என்று அம்மா கேட்டாள்.

"இல்லம்மா. ஆய்வகத்துக்குள்ள போற லெட்டர், வெளிய வர்ற லெட்டர் எல்லாத்தையும் ஒருத்தர் படிச்சுட்டுத்தான் வுடுவாங்களாம். சித்தி போன்ல சொன்னாங்கல்ல."

"நம்ம வூட்டு மாட்டுக்குப் புண்ணு வந்த கதையப் படிக்கறதுக்கு சம்பளம் குடுத்து ஆள் வெச்சிருக்குதா கவர்மெண்டு?"

அந்த ஆளைப் பற்றியே நான் யோசித்துக்கொண்டிருக்கிறேன். தமிழ் தெரிந்தவராகத்தான் இருக்க வேண்டும். கடிதம் போகிற வீட்டில் எத்தனை பேரோ அத்தனை பேரின் நலமும் கேட்க வேண்டும் என்பது அம்மாவின் சட்டம். நம் கடிதத்தைத் தவறாமல் படிக்கிறவரை எப்படி விடுவது? ஆகவே, பிரித்துப் படிப்பவருக்கும் என் வணக்கம். நீங்களும் நலமா?

திருக்கனூர் பள்ளியில் பதினொன்றாம் வகுப்பு தொடங்கிவிட்டது. ஆரோக்கியசெல்வி டீச்சர் மாதிரிப் பாராளுமன்றம் நடத்தப் போகிறார். சீட்டுக் குலுக்கியதில் எனக்குப் பாதுகாப்பு அமைச்சர் பதவி வந்தது. எதிர்க்கட்சித் தலைவன் மணிமாறன். அவன் கேட்கப்போகும் கேள்வி இதுதான்: ரகசியமாக இயங்கும் உளவு அமைப்புகளையும் கிருமி ஆய்வகங்களையும் கண்காணிப்பது யார்? பதில் சொல்ல வேண்டியவள் நான். எனக்குத் தெரிந்து கிருமி ஆய்வகத்தில் வேலை செய்பவர் நீங்கள் ஒருவர்தான். அங்கே நீங்கள் என்ன செய்கிறீர்கள் சித்தி?

உங்கள் பதிலுக்காக வாசலில் தபால்காரரின் சைக்கிளைப் பார்த்திருக்கும்,
திரௌபதி


4.7.2025

அன்புள்ள திரௌபதிக்கு,

இங்கு நான் நலம். அங்கு உங்கள் எல்லோருடைய நலமும் அறிய ஆசை. பசுவின் காலை ஈரத்தில் விடாதே.

நீ உள்ளபடி எழுதுவாய் என்றால் நானும் ஒரு வாக்குக் கொடுக்கிறேன். சொல்லக் கூடாததைச் சொல்லமாட்டேன். அதற்குக் கையெழுத்துப் போட்டுவிட்டுத்தான் வேலையில் சேர்ந்தேன். ஆனால் உனக்குப் பொய் எழுதமாட்டேன். எழுத முடியாததை எழுதாமல் விட்டுவிடுவேன்.

என் வேலை விலங்குக்கூடத்தில். முயல்களுக்கும் எலிகளுக்கும் தீனி வைப்பேன், காய்ச்சல் பார்ப்பேன், ரத்தம் எடுப்பேன். எதிரி யாராவது கிருமியை ஆயுதமாக வீசினால் நம்மிடம் மருந்து இருக்க வேண்டும், அதற்காகத்தான் இந்த இடம். மருந்து தேட வேண்டுமென்றால் நோயை வளர்த்துத்தான் ஆக வேண்டும். இப்போது நாங்கள் வளர்ப்பது ■■■■■■■■.

முயல்களில் ஒன்றுக்கு இடது காது மடங்கியிருக்கும். கூண்டைத் திறந்தால் ஓடாது. அதற்கு மட்டும் பெயர் வைத்திருக்கிறேன். என்ன பெயர் என்று அக்காவிடம் சொல்லாதே. அவள் பெயர்தான்.

உன் அன்புச் சித்தி,
அமுதம்


மண்ணாடிப்பட்டு
22.7.2025

அன்புள்ள சித்திக்கு,

நாங்கள் மூவரும் நலம். நீங்களும் முயல் கல்பனாவும் நலமா? பிரித்துப் படிப்பவருக்கும் வணக்கம். நாளெல்லாம் பிறர் கையெழுத்தைப் படித்தால் கண் வலிக்காதா? நீங்கள் கறுப்பு மை பூசிய இடத்தை வெயிலில் பிடித்துப் பார்த்தேன், கண்ணாடியில் ஒட்டிப் பார்த்தேன். ஒன்றும் தெரியவில்லை. நல்ல மை.

நூலகத்தில் ஒரு பழைய புத்தகம் கிடைத்தது. கிருமி ஆயுதங்களைத் தடைசெய்து 1972-இல் உலக நாடுகள் ஓர் உடன்படிக்கை செய்திருக்கின்றன. நம் நாடும் கையெழுத்திட்டிருக்கிறது. கிருமியை ஆயுதமாக்கக் கூடாது, மருந்துக்காக வைத்துக்கொள்ளலாம். இரண்டும் ஒரே கிருமிதானே, வெளியிலிருந்து பார்த்தால் வித்தியாசம் எப்படித் தெரியும் என்று அடுத்த பக்கத்தைத் திருப்பினேன். உள்ளே போய்ப் பார்த்துச் சொல்ல அந்த உடன்படிக்கையில் ஆளே கிடையாதாம்! உளவு அமைப்புகளைக் கேள்வி கேட்கவென்று சில நாடுகளில் தனிப் பாராளுமன்றக் குழு உண்டு, நம் நாட்டில் அப்படி ஒன்று இல்லை என்று டீச்சரும் சொன்னார்.

அப்பாவிடம் இதைச் சொன்னேன். சாப்பிட்டுக்கொண்டே கேட்டார்.

"மில்லுல கரும்பு எடை போடறப்ப நம்ம ஆளு ஒருத்தன் மேடைகிட்ட நிப்பான், பாத்திருக்கியா?"

"அவர் இன்னாப்பா பண்ணுவாரு?"

"ஒண்ணும் பண்ணமாட்டான். சும்மா நிப்பான். ஆனா அவன் நிக்கற அன்னிக்கு எடை சரியா இருக்கும்."

உங்கள் ஆய்வகத்தில் அப்படி நிற்பவர் யார் சித்தி?

கேள்விகளுடன்,
திரௌபதி


10.8.2025

அன்புள்ள திரௌபதிக்கு,

இங்கு நான் நலம். அங்கு உங்கள் எல்லோருடைய நலமும் அறிய ஆசை.

நான் செய்வதைப் பார்க்க மேற்பார்வையாளர் இருக்கிறார். அவரைப் பார்க்கப் பிரிவுத் தலைவர். பிரிவுத் தலைவரைப் பார்க்க இயக்குநர். இயக்குநரைப் பார்க்க ■■■■■■■■. அவர்களைப் பார்க்க ■■■■■■■■■■■■■■.

படிப்பவர் யாரென்று எனக்கும் தெரியாது. கடிதப் பிரிவின் ஜன்னல் பாதிதான் திறந்திருக்கும். கடிதத்தை நீட்டும் கை மட்டும் தெரியும். இந்த முறை உன் உறையைக் கொடுத்த கை உடனே உள்ளே போகவில்லை.

"இந்தப் பொண்ணு எத்தனாவது படிக்குது?" என்று ஒரு வயதான குரல் கேட்டது.

"பதினொண்ணு."

"மாட்டுக்குக் கால் ஆறிடுச்சா?"

நான் பதில் சொல்வதற்குள் ஜன்னல் மூடிக்கொண்டது.

அன்புடன்,
அமுதம்


மண்ணாடிப்பட்டு
30.8.2025

அன்புள்ள சித்திக்கு,

நாங்கள் மூவரும் நலம். பிரித்துப் படிப்பவருக்கு வணக்கம். கால் ஆறிவிட்டது ஐயா. நேற்று வரப்பைத் தாண்டிப் போய் அடுத்த வீட்டுக் கொல்லையில் மேய்ந்து திட்டும் வாங்கிவிட்டது.

ஒத்திகை நடந்தது. அமைச்சர் சொல்ல வேண்டிய பதிலை டீச்சர் எழுதிக் கொடுத்துவிட்டார். 'நாட்டின் பாதுகாப்பு கருதி இத்தகவலை அவையில் வெளியிட இயலாது.' அவ்வளவுதான். அதைக் கம்பீரமாகச் சொல்லிப் பழகினேன். மணிமாறன் சிரித்தான்.

"அமைச்சரம்மா, எங்களுக்குச் சொல்ல வாணாம். உனுக்கு மொதல்ல யாராச்சும் சொன்னாங்களா?"

"போடா" என்றேன். உள்ளபடி எழுதுவதாகச் சொன்னதால் இதையும் எழுதுகிறேன். வீட்டுக்கு வரும் பேருந்து முழுக்க அவன் கேட்டதுதான் தலைக்குள் ஓடியது.

உள்ளே போன் கூடாதென்று ஞாயிறுதோறும் வாயிலுக்கு வெளியே வந்து போனில் பேசுவீர்களே, போன இரண்டு ஞாயிறும் பேசவில்லை. அம்மா போனை மடியில் வைத்துக்கொண்டே உட்கார்ந்திருந்தாள். வேலை அதிகமா?

உங்கள் குரலுக்குக் காத்திருக்கும்,
திரௌபதி


19.9.2025

அன்புள்ள திரௌபதிக்கு,

அங்கு உங்கள் எல்லோருடைய நலமும் அறிய ஆசை.

பசுவின் கால் ஆறியதில் மகிழ்ச்சி. கரும்புக்குத் தோகை உரித்தாகிவிட்டதா? மழை பெய்கிறதா? ஞாயிற்றுக்கிழமைகளில் வாயிலுக்கு வர இப்போது இயலவில்லை. அக்காவிடம் மோர் மிளகாய் அனுப்பச் சொல். சாப்பாட்டில் ருசி தெரிவதில்லை.

மணிமாறன் கேட்டது நல்ல கேள்வி.

அமுதம்


மண்ணாடிப்பட்டு
27.9.2025
(அனுப்பாமல் வைத்துக்கொண்டது)

அன்புள்ள சித்திக்கு,

உங்கள் கடிதம் வந்தபோது அம்மா பால் கறந்துகொண்டிருந்தாள். "மொதல் வரியப் படிடி, மிச்சத்த அப்புறம் கேக்கறேன்" என்றாள். எப்போதும் அப்படித்தான், முதல் வரி போதும் அவளுக்கு. உறையைப் பிரித்து, "இங்கு நான் நலம்" என்று சத்தமாகப் படித்தேன். அம்மா தலையாட்டிவிட்டு மாட்டின் மடியைப் பார்த்துத் திரும்பிக்கொண்டாள்.

பதில் எழுத உட்கார்ந்தபோதுதான் பார்த்தேன். அந்த வரி கடிதத்தில் இல்லை. பழக்கத்தில் என் வாய் தானாகச் சொல்லியிருக்கிறது. கறுப்பு மையும் எங்குமே இல்லை. நீங்கள் எழுதவேயில்லை. எழுத முடியாததை எழுதாமல் விடுவேன் என்று சொன்னீர்களே, அதைச் செய்திருக்கிறீர்கள். எழுதியதை அழிக்கலாம், எழுதாததை எந்த மையால் அழிப்பது?

அதனால் இதைப் பற்றிக் கேட்டு உங்களுக்கு எழுதக் கூடாது என்று முடிவு செய்தேன். கேட்டால் படிப்பவருக்குத் தெரிந்துவிடும், இருக்கிற ஒரே வழியும் அடைபட்டுவிடும். ஆனால் அம்மாவிடம் சொல்லாமல் இருக்க முடியவில்லை. அவள் கடிதத்தைப் பிடுங்கி, விரலை வைத்து ஒவ்வொரு வரியாகத் தேடினாள். நான் தடுப்பதற்குள் அலுவலக எண்ணுக்குப் போன் போட்டுவிட்டாள். இந்திக்காரர் ஒருவர் எடுத்தார். பிறகு தமிழ் தெரிந்த ஒரு பெண்.

"என் தங்கச்சி லெட்டர்ல நலம்னு எழுதல. எப்பவும் எழுதுவா. அவளுக்கு இன்னா ஆச்சு?"

"அவங்க ட்ரெயினிங்ல இருக்காங்கம்மா. நல்லா இருக்காங்க. லெட்டர் எழுதச் சொல்றோம்."

"அம்மா, அதைத்தான் சொல்லக் கூடாதுன்னு இருந்தேன்" என்று கத்தினேன். "இனிமே நலம்னு எழுத வெச்சுடுவாங்க. அப்ப நமக்கு எப்படித் தெரியும்?"

அம்மா போனைப் பார்த்தபடியே உட்கார்ந்துவிட்டாள். இன்று யாரும் சரியாகச் சாப்பிடவில்லை.

திரௌபதி


மண்ணாடிப்பட்டு
28.9.2025

அன்புள்ள சித்திக்கு,

உங்கள் நலம் அறிய ஆசை.

தோகை உரித்தாயிற்று. மழை இன்னும் இல்லை. மோர் மிளகாய் தனிப் பொட்டலமாக வருகிறது. அம்மா உப்பைக் குறைத்துப் போட்டிருக்கிறாள்.

திரௌபதி


16.10.2025

அன்புள்ள திரௌபதிக்கு,

■■■■■■■■■■■■. அங்கு உங்கள் எல்லோருடைய நலமும் அறிய ஆசை.

நான் இப்போது ■■■■■■■■■■ இருக்கிறேன். மோர் மிளகாய் கிடைத்தது. அக்காவிடம் சொல்.

அமுதம்


மண்ணாடிப்பட்டு
24.10.2025
(இதையும் அனுப்பவில்லை)

அன்புள்ள சித்திக்கு,

இந்த முறை நான் சத்தமாகப் படிக்கவில்லை. அம்மாவின் கையிலேயே கொடுத்துவிட்டேன். முதல் வரி இருந்த இடத்தில் கறுப்புப் பட்டை.

"இன்னாடி, மொதல் வரியவே அழிச்சிருக்கான்?"

அதைத்தான் நானும் பார்த்துக்கொண்டிருந்தேன். அந்த இடத்தில் நீங்கள் எப்போதும் ஒரே வரியைத்தான் எழுதுவீர்கள். 'இங்கு நான் நலம்.' பட்டையின் நீளமும் சரியாக அவ்வளவுதான். அதில் என்ன ரகசியம் இருக்கிறது? கிருமியின் பெயரா, இயக்குநருக்கு மேலே இருப்பவரின் பெயரா? எந்தக் கடிதத்தை எடுத்தாலும் முதலில் இருக்கிற வரி அது. அடுத்த பட்டையும் அப்படித்தான். போனில் அந்தப் பெண் சொன்ன 'ட்ரெயினிங்' அங்கே சரியாகப் பொருந்தும்.

அம்மா போன் செய்த பிறகு, உங்களை அப்படி எழுதவைத்திருக்கிறார்கள். எழுதியதைப் படித்தவர் இரண்டு இடங்களிலும் மை பூசியிருக்கிறார். ரகசியம் என்பதால் அல்ல, பொய் என்பதால்.

போன கடிதத்தில் கோபத்தில் அவருக்கு வணக்கம் எழுதாமல் விட்டேன். அதையும் அவர் படித்திருப்பார்.

அம்மா எழுந்து துணிப்பையை எடுத்தாள்.

"எங்க கெளம்பற?" என்று அப்பா கேட்டார்.

"போய்ப் பாக்கறேன்."

"உள்ள வுடமாட்டாங்க கல்பனா. அது கவர்மெண்டு எடம்."

"வுடலன்னா வாசல்ல நிக்கறேன். உங்க ஆளு மில்லுல நிக்கல?"

அப்பா தானும் வருவதாகச் சொன்னார். மாட்டை ஆரு பாக்கறது, பொண்ண ஆரு பாக்கறது என்று கேட்டுவிட்டு, அம்மா தனியாகவே விழுப்புரம் பேருந்தில் ஏறிவிட்டாள். அவளுக்கு இந்தியில் ஒரு சொல் கூடத் தெரியாது சித்தி. உங்கள் கடித உறையில் இருந்த முகவரியைத் தாளில் பெரிய எழுத்தில் எழுதிக் கொடுத்திருக்கிறேன்.

திரௌபதி


12.11.2025

அன்புள்ள திரௌபதிக்கு,

இங்கு நான் இன்னும் நலமில்லை. தேறிவருகிறேன். அங்கு நீயும் அப்பாவும் நலமா?

உன் அம்மா வந்தாள். வந்த அன்று அவளை உள்ளே விடவில்லை. காவலர் நாற்காலி கொடுத்தாராம். அவள் உட்காரவில்லை. "ஒக்காந்தா மறந்துடுவீங்க" என்று தமிழிலேயே சொல்லியிருக்கிறாள். காவலருக்கு வார்த்தை புரியவில்லை, விஷயம் புரிந்துவிட்டது. பொழுது சாயும்வரை நின்றாள். மறுநாளும் வந்து அதே இடத்தில் நின்றாள். வண்டிகள் அவளைச் சுற்றிக்கொண்டு போக வேண்டியிருந்தது. மதியத்துக்குப் பிறகு இயக்குநரே வெளியே வந்து, யார் இந்த அம்மா என்று கேட்டாராம்.

என்னை ஒரு கண்ணாடிக்குப் பின்னால் வைத்திருக்கிறார்கள். ஆகஸ்ட் நடுவில் மடங்கிய காது முயல் கையுறையைக் கிழித்துப் பிராண்டிவிட்டது. ஓடாத முயல் என்று நான்தான் அசட்டையாக இருந்தேன். காய்ச்சல் வந்தது. அது ■■■■■■■■ காய்ச்சல். நல்ல மருத்துவம் கொடுத்தார்கள், அதில் குறை சொல்லமாட்டேன். வீட்டுக்குத் தெரிவிக்கக் கூடாது என்றார்கள். யார் முடிவு என்று கேட்டேன். மேலிடம் என்றார்கள்.

கண்ணாடிக்கு அந்தப் பக்கம் வந்து நின்றதும் அக்கா திட்டத்தான் ஆரம்பித்தாள். ஒலிபெருக்கி வழியாகக் கேட்டது.

"இன்னாடி இப்படி எளச்சிப் போய்ட்ட? மொளகா மட்டும் கேட்டு எழுதத் தெரிஞ்சுதா?"

"எழுதக் கூடாதுன்னாங்கக்கா."

"அப்ப அந்தக் கடைசி லெட்டரு?"

"சொல்லச் சொல்ல எழுதினேன். எழுதினதுக்கு அப்புறம் தூக்கமே வரல."

அக்கா கண்ணாடிக்கு இன்னும் கிட்டே வந்தாள். என்னைப் பார்த்தபடியே நின்றாள். அவள் பெயரை முயலுக்கு வைத்திருந்ததைச் சொன்னேன். "பொருத்தமாத்தான் வெச்சிருக்க" என்றாள்.

தைக்குள் வீட்டுக்கு அனுப்பிவிடுவதாக மருத்துவர் சொல்கிறார்.

அன்புடன்,
அமுதம்


மண்ணாடிப்பட்டு
29.11.2025

அன்புள்ள சித்திக்கு,

நாங்கள் மூவரும் நலம். உண்மையாகவே நலம். அம்மாவுக்கு இன்னும் கால் வீக்கம் வடியவில்லை. அப்பா மாட்டுக்குப் போட்ட வேப்பெண்ணெயையே கொண்டுவந்தார், அம்மா விரட்டிவிட்டாள். நீங்கள் தேறிவருவதைக் கேட்டு, ஊரில் பார்க்கிற எல்லோரிடமும் சொல்லிவிட்டாள்.

உங்கள் கடிதத்தில் இந்த முறை மை நீலமாக இருந்தது. பட்டையும் கொஞ்சம் கோணல். எனவே புதிதாகப் பிரித்துப் படிப்பவருக்கு என் வணக்கம். நீங்கள் நலமா? உங்களுக்கு முன்னால் இந்த இடத்தில் இருந்தவர் நலமா? எங்கள் மாட்டின் காலை விசாரித்தவர், வயதானவர். அவருக்கு நான் ஒரு வணக்கம் பாக்கி வைத்திருக்கிறேன். இந்தக் கேள்விக்குப் பதில் வராமல் போனால், வராததையும் நான் படித்துக்கொள்வேன்.

நேற்று மாதிரிப் பாராளுமன்றம் நடந்தது. பள்ளி மண்டபத்தில் பகலிலேயே எல்லா விளக்குகளையும் போட்டிருந்தார்கள். அவைத் தலைவர் அனிதா. மணிமாறன் தன் கேள்வியைக் கேட்டான். துணைக்கேள்வி ஒன்றும் கேட்டான். அதை அவனுக்கு எழுதிக் கொடுத்தது நான்தான். தன்னை மடக்கும் கேள்வியை அமைச்சரே எழுதித் தருவாரா என்று முதலில் நம்ப மறுத்தான்.

"ஆய்வகத்தில் ஓர் ஊழியர் நோயில் விழுந்தால், அதை அவர் குடும்பத்துக்குச் சொல்ல வேண்டாம் என்று முடிவெடுப்பது யார்? அந்த முடிவைக் கேள்வி கேட்பது யார்?"

நான் எழுந்தேன். டீச்சர் எழுதிக் கொடுத்த தாள் கையில் இருந்தது. அதை மேசையில் கவிழ்த்து வைத்தேன்.

"எனக்குத் தெரியாது" என்றேன். "என்னிடம் யாரும் சொல்லவில்லை. கேட்கும் அதிகாரம் எனக்கு இருந்தது. நான் கேட்கவில்லை. பதில் தெரியும்வரை நான் உட்காரப்போவதில்லை."

"அமைச்சர் அமரலாம்" என்றாள் அனிதா.

"அமரமாட்டேன்."

அனிதா டீச்சரைப் பார்த்தாள். அவள் மனப்பாடம் செய்த தாளில் இதற்கு வரி இல்லை. மணிமாறன் என் பக்கம் சாய்ந்து, "ஏய், நான் வெளிநடப்பு பண்ணத்தான் ப்ராக்டிஸ் பண்ணேன். இப்ப இன்னா பண்றது?" என்றான். எல்லோரும் சிரித்தார்கள். நானும் சிரித்தேன், ஆனால் உட்காரவில்லை. அடுத்தடுத்த அமைச்சர்கள் தங்கள் பதில்களைச் சொல்லி முடித்தார்கள். பரிசு ரயில்வே அமைச்சருக்குக் கிடைத்தது. மணி அடித்தது, பேருந்து போய்விடும் என்று எல்லோரும் ஓடினார்கள். மணிமாறன் மட்டும் வாசலில் நின்று, "வர்றியா இல்லியா?" என்று கேட்டுக்கொண்டிருந்தான்.

ஆரோக்கியசெல்வி டீச்சர் அவைக்குறிப்பு ஏட்டைத் திறந்து வைத்து யோசித்தார்.

"இதுல நான் இன்னா எழுதறது திரௌபதி?"

"நடந்ததை எழுதுங்க மிஸ்."

அவர் எழுதியதை எட்டிப் பார்த்தேன். அப்படியே தருகிறேன்:

'கேள்விக்குப் பதில் கிடைக்கவில்லை. அமைச்சர் நின்றுகொண்டிருந்தார். விளக்குகள் அணைக்கப்பட்டன.'